தருமபுரியிலிருந்து திரை இசைக்கு: இசையமைப்பாளராக விரும்புவோருக்கான முழுமையான வழிகாட்டி

திருவிழா இன்னிசைக் கச்சேரிகளில் கீபோர்டு வாசிக்கும் இளைஞர்கள் தருமபுரி, கிருஷ்ணகிரி மாவட்டங்களில் ஊருக்கு ஒருவராவது இருக்கிறார்கள். அவர்களில் பலர் சொந்தமாக மெட்டுக் கட்டுகிறார்கள், சிலர் அதைக் கைப்பேசியில் பதிவு செய்து எனக்கு அனுப்பிவிட்டு, "அண்ணா, மியூசிக் டைரக்டர் ஆகணும்னா மெட்ராஸ்ல யாரப் போய்ப் பாக்கணும்?" என்று கேட்கிறார்கள். பாலக்கோட்டில் ஒரு சிறிய அறையில் இருந்துகொண்டு குறும்படங்களுக்கும் ஆவணப்படங்களுக்கும் தொலைக்காட்சித் தொடர்களுக்கும் பின்னணி இசை செய்து வருபவன் நான். இக்கேள்விக்கு ஒரே வரியில் என்னால் பதில் சொல்ல முடிந்ததில்லை. யாரைப் பார்ப்பது என்பது ஐந்தாவது படியில் எழ வேண்டிய கேள்வி. அதற்கு முந்தைய நான்கு படிகளையும் ஊரில் இருந்தபடியே ஏறிவிடலாம். அவற்றை ஏறாமல் பெட்டி கட்டியவர்கள் சென்னையில் அறை வாடகைக்காகவே உழைத்துக் களைத்துத் திரும்பியதை நான் பார்த்திருக்கிறேன்.

படிகளுக்குள் செல்லும் முன் இந்த வேலை எது என்பதைச் சொல்லிவிடுகிறேன். இசையமைப்பாளர் என்றதும் பாடல்தான் நினைவுக்கு வருகிறது. ஆனால் இரண்டரை மணி நேரப் படத்தில் ஐந்து பாடல்கள் இருந்தாலும் அவை அரை மணி நேரத்துக்குள் முடிந்துவிடும். எஞ்சிய இரண்டு மணி நேரத்தில் எந்த நொடியில் இசை நுழைய வேண்டும், எந்த நொடியில் விலக வேண்டும், எந்தக் காட்சியைத் தொடவே கூடாது என்று முடிவு செய்வதும் அவருடைய வேலைதான். அதைத்தான் இத்துறையில் ரீ-ரெக்கார்டிங் என்றும், சுருக்கமாக ஆர்.ஆர். என்றும் சொல்கிறார்கள். மெட்டுக் கட்டத் தெரிந்தவர்கள் ஏராளமாக இருக்க, காட்சியைப் பார்த்துக் காத்திருக்கத் தெரிந்தவர்கள் மிகக் குறைவாக இருக்கிறார்கள். இயக்குநர்கள் தேடுவதும் அவர்களைத்தான்.

முதல் படி: காதைப் பழக்குதல்

காத்திருக்கக் கற்றுக்கொள்வதற்கு நம் மாவட்டங்களைவிடச் சிறந்த பள்ளி எனக்குத் தெரியவில்லை. திரௌபதி அம்மன் கோயில்களில் பாரதம் நடக்கும் நாட்களில் பகலில் பிரசங்கமும் இரவில் கூத்தும் இருக்கும். அந்த இரவில் கூத்தாடும் கலைஞரைப் பார்க்காமல், அவருக்குப் பின்னால் ஆர்மோனியத்தோடும் மிருதங்கத்தோடும் முகவீணை என்னும் சிறு ஊதுகருவியோடும் உட்கார்ந்திருக்கும் பின்பாட்டுக்காரர்களை மட்டும் விடியும்வரை கவனியுங்கள். இருவர் பிடித்திருக்கும் திரைக்குப் பின்னால் வேடக்காரர் விருத்தம் பாடத் தொடங்கும்போது ஆர்மோனியம் சுருதியை மட்டும் நீட்டிப் பிடித்திருக்கும், மிருதங்கம் அசையாது. விருத்தத்தின் கடைசி அடி இறங்கி, திரை விலகி, காற்சலங்கை தரையில் முதல் அடியை வைக்கும் அதே கணத்தில் மிருதங்கம் விழும். வாசிப்பவரின் கண் அந்த நேரம் முழுவதும் வேடக்காரரின் பாதத்தில் இருப்பதையும், வசனம் தொடங்கியதும் முகவீணை தானாகவே அடங்குவதையும் நீங்கள் பார்க்க முடியும். திரைக்குப் பின்னணி இசை அமைப்பதன் அடிப்படை முழுவதும் அங்கே இருக்கிறது.

இதோடு முறையான பயிற்சியும் வேண்டும். கிருஷ்ணகிரியில் மாவட்ட அரசு இசைப்பள்ளி இயங்குகிறது. குரலிசை, வயலின், மிருதங்கம், நாதசுரம், தவில் போன்ற பிரிவுகளில் அங்கே மூன்றாண்டுப் படிப்பு உண்டு. இராகத்தையும் தாளக் கணக்கையும் அங்கே கற்பதோடு, மேற்கத்திய இசைக்குறிப்பைப் படிக்கவும் ஸ்வர அடுக்குகளான கார்டுகளை அமைக்கவும் ஒரு கீபோர்டு ஆசிரியரிடம் தனியாகப் பயில வேண்டும். வயலின் குழுவையோ செல்லோ கலைஞரையோ ஒருநாள் உங்கள் முன் உட்கார வைக்கும்போது அவர்களுக்குத் தாளில் எழுதிக் கொடுக்க வேண்டியிருக்கும். கணினியில் வாசித்துக் காட்டிப் புரியவைக்கும் ஒவ்வொரு நிமிடமும் ஸ்டூடியோ வாடகையாகக் கழியும்.

இரண்டாம் படி: கருவிகள்

இதில் நீண்ட யோசனை தேவையில்லை. 16 ஜிபி நினைவகம் உள்ள ஒரு கணினி, 49 அல்லது 61 கட்டைகள் கொண்ட, கணினியோடு இணைக்கும் மிடி கீபோர்டு, மைக்கைக் கணினியோடு இணைக்கும், இரண்டு உள்ளீடுகள் உள்ள ஆடியோ இன்டர்ஃபேஸ், ஒரு கண்டென்சர் மைக், மூடிய வகை ஹெட்ஃபோன் ஆகியவை தொடக்கத்துக்குப் போதும். மென்பொருளில் கியூபேஸ், லாஜிக் புரோ, ஏபிள்டன் லைவ், ரீப்பர் ஆகிய எதிலும் காட்சிக்கு இசையமைக்கலாம். ரீப்பரை 60 நாட்கள் கட்டணமின்றிப் பயன்படுத்திப் பார்க்க முடியும் என்பதால் புதியவர்களுக்கு அதையே பரிந்துரைக்கிறேன். திருட்டு மென்பொருளில் பழக வேண்டாம். மறுநாள் காலை ஒளிபரப்புக்கு அனுப்ப வேண்டிய இரவில் அது நின்றுபோனால் உதவிக்கு அழைக்க எவரும் இருக்க மாட்டார்கள்.

அறையைப் பற்றி மட்டும் ஒன்று சொல்ல வேண்டும். தகரக் கூரையோ ஓட்டுக் கூரையோ உள்ள அறையாயின் மழையிலும் வெயிலிலும் ஓசை எழும். சாலையோர வீடாயின் லாரிகளின் அடித்தொனி, காதுக்குத் தெரியாமலேயே மைக்கில் ஏறும். சுவர்களில் தடித்த ஜமுக்காளங்களையும் பழைய இலவம்பஞ்சு மெத்தைகளையும் தொங்கவிட்டால் அறைக்குள் எழும் எதிரொலி வெகுவாகக் குறையும். வெளியோசையை அவை தடுக்காது. அதற்கு இரவு 11 மணிக்கு மேல் பதிவு செய்வதுதான் வழி.

மூன்றாம் படி: காட்சிக்கு இசையமைக்கப் பழகுதல்

இந்தப் படியில்தான் அதிக காலம் செலவிட வேண்டும்; குறைந்தது ஓராண்டு என்று வைத்துக்கொள்ளுங்கள். இரண்டு நிமிடக் காட்சி ஒன்றை எடுத்து, இசையை நீக்கி, வசனத்தையும் சூழல் ஒலியையும் மட்டும் வைத்து அமைத்துப் பார்க்க வேண்டும். அப்படிப்பட்ட காட்சி கிடைக்காவிட்டால் நண்பர்களை நடிக்க வைத்துக் கைப்பேசியிலேயே எடுத்துக்கொள்ளலாம். எடுத்ததும் கீபோர்டில் கைவைக்கக் கூடாது. முதலில் பத்து முறை பார்த்து, எந்தெந்த நேரத்தில் என்ன நடக்கிறது என்று ஒரு தாளில் எழுதுங்கள். இதை ஸ்பாட்டிங் என்பார்கள். தொழிலில் இயக்குநரோடு உட்கார்ந்து செய்வது இதுதான்.

ஓர் உதாரணத்தைக் கணக்கோடு பார்ப்போம். நெடுநாள் கழித்து ஊர் திரும்பும் மகன் தெருவில் நடந்து வருகிறான், 17.5-ஆவது வினாடியில் கதவு திறந்து தாயின் முகம் தெரிகிறது. அந்த இடத்தில் இசை மாற வேண்டும். நிமிடத்துக்கு 90 தட்டுகள் என்ற வேகத்தை எடுத்தால் 17.5 வினாடியில் இருபத்தாறே கால் தட்டுகள் முடிந்திருக்கும். முகம் தெரியும் கணம் தட்டுக்கு நடுவே விழுந்து, ஏதோ தவறியதுபோல் இருக்கும். வேகத்தை 96 ஆக்கினால் ஒரு தட்டு 0.625 வினாடி ஆகிறது, 17.5 வினாடியில் சரியாக 28 தட்டுகள் முடிந்து, 29-ஆவது தட்டு தாயின் முகத்தின் மேல் விழும். நான்கு தட்டுகளை ஒரு பார் என்று எண்ணும் மேற்கத்திய முறையில் அது எட்டாவது பாரின் முதல் தட்டு. எட்டுத் தட்டுகள் ஓர் ஆவர்த்தனமாகும் ஆதி தாளத்தில் எண்ணினால் மூன்றரை ஆவர்த்தனம் முடிந்து, நான்காவதில் லகு என்னும் முதல் நான்கு தட்டுகள் கழிந்து திருதம் தொடங்கும் இடம். கூத்தில் மிருதங்கக்காரர் பாதத்தைப் பார்த்துச் செய்வதை நாம் எண்ணிச் செய்கிறோம்.

கணக்கு சரியாக அமைந்த பிறகு இன்னொரு சோதனை செய்யுங்கள். தாயின் முகம் தெரியும்போது இசையை ஏற்றாமல், அதுவரை ஒலித்ததை அங்கே நிறுத்திவிட்டுக் கேளுங்கள். கதவின் கிறீச்சொலியும் கொல்லையில் கத்தும் கோழியும் மட்டும் கேட்கும் அந்த மூன்று வினாடிகள், பெரும்பாலான நேரங்களில், நாற்பது வயலின்களைவிட நன்றாக இருக்கும். இரண்டு வடிவங்களையும் செய்து இயக்குநருக்குக் காட்டும் பழக்கத்தை இப்போதே வளர்த்துக்கொள்ள வேண்டும்.

வசனத்தோடு இசை மோதாமல் இருப்பதும் இங்கேதான் கைவர வேண்டும். பேச்சின் தெளிவைத் தரும் மெய்யெழுத்து ஒலிகள் பெரும்பாலும் 1,000 முதல் 4,000 ஹெர்ட்ஸ் வரையிலான பகுதியில் இருக்கின்றன. அதே பகுதியில் புல்லாங்குழலோ சோலோ வயலினோ அசைந்துகொண்டிருந்தால் ஒலி அளவை எவ்வளவு குறைத்தாலும் வசனம் மங்கும். பேச்சு ஓடும்போது தாழ்ந்த நரம்பிசையையோ அசையாத ஒரு ஸ்வரத்தையோ மட்டும் வைத்து, இரு வசனங்களுக்கு இடையிலான மௌனத்தில் குழலைப் பேசவிடலாம்.

நான்காம் படி: ஊரிலேயே முதல் படங்கள்

சென்னை தரமணியில் உள்ள எம்.ஜி.ஆர். திரைப்படப் பயிற்சி நிறுவன மாணவர்களும், கல்லூரிகளில் விஸ்காம் எனும் காட்சித் தொடர்பியல் படிப்பவர்களும் ஆண்டுதோறும் குறும்படங்கள் எடுக்கிறார்கள். அவர்களில் நம் மாவட்டத்துப் பிள்ளைகளும் இருக்கக்கூடும், விசாரித்துப் பாருங்கள். தொண்டு நிறுவனங்களின் ஆவணப்படங்கள், ஓசூர்த் தொழிற்சாலைகளின் அறிமுகப் படங்கள், உள்ளூர் நகைக்கடை, ஜவுளிக்கடை விளம்பரங்கள் ஆகிய எதையும் சிறியது என்று தள்ளக் கூடாது. முப்பது வினாடி விளம்பரம், சுருக்கத்தைக் கற்றுத்தருவதுபோல் முழுப்படம் கற்றுத்தருவதில்லை.

வேலையை ஏற்கும் முன் படத்தின் ஃபிரேம் வேகத்தை, அதாவது வினாடிக்கு எத்தனை படச்சட்டங்கள் ஓடுகின்றன என்பதைக் கேட்டு எழுதி வைத்துக்கொள்ளுங்கள். இதை நான் அடிபட்டுத்தான் கற்றேன். என் முதல் குறும்படம் 12 நிமிடம். 24 ஃபிரேமில் எடுக்கப்பட்டது. எனக்கு அனுப்பிய பிரதி 25 ஃபிரேம் வேகத்தில் ஓடும்படி மாற்றப்பட்டிருந்ததை எவரும் கவனிக்கவில்லை. நான் அந்தப் பிரதிக்கு இசையமைத்து அனுப்பினேன். இறுதிப் பிரதியோடு சேர்த்தபோது இசை கொஞ்சம் கொஞ்சமாக முந்திக்கொண்டு போய், படம் முடிய ஏறக்குறைய 29 வினாடிகள் இருக்கும்போதே முடிந்துவிட்டது. திரையிடலுக்கு முந்தைய இரவு அது. விடியும்வரை ஒவ்வொரு துண்டாக நகர்த்திப் பொருத்தினோம். அன்றிலிருந்து, படத்தின் மேலேயே ஓடும் நேர எண்ணான டைம்கோடும், இசையைப் பொருத்திப் பார்க்கத் தொடக்கத்தில் ஒரு 'பீப்' ஒலியும் இல்லாத பிரதியை நான் வாங்குவதில்லை.

முடித்த இசையை எம்.பி.3-ஆக அனுப்பக் கூடாது. 48 கிலோஹெர்ட்ஸ், 24 பிட் வேவ் (WAV) கோப்பாக அனுப்ப வேண்டும். தாளம், நரம்பிசை, தனிக்கருவி, குரல் என்று பிரித்த ஸ்டெம்களையும் சேர்த்துக் கொடுத்தால், மிக்ஸிங் செய்பவர் வசனத்துக்கு இடையூறான ஒன்றை மட்டும் குறைக்க முடியும். முழு இசையையும் ஒரே கோப்பாகக் கொடுத்தால் அவர் முழுவதையும் குறைத்துவிடுவார்.

ஐந்தாம் படி: உதவியாளராகச் சேர்தல்

இப்போது யாரைப் பார்ப்பது என்ற கேள்வி பொருள்படும். இளையராஜா 1976-இல் 'அன்னக்கிளி'யில் அறிமுகமாவதற்கு முன் ஜி.கே. வெங்கடேஷிடம் உதவியாளராக இருந்தார். ஏ.ஆர். ரஹ்மான் 1992-இல் 'ரோஜா' வெளிவருமுன் பிற இசையமைப்பாளர்களுக்குக் கீபோர்டு வாசித்தும், விளம்பரங்களுக்கு இசையமைத்தும் வந்தார். மேதைகளுக்கே அந்த ஆண்டுகள் தேவைப்பட்டன. இன்று உதவியாளர் என்பது பெரும்பாலும் புரோகிராமர் வேலை: இசையமைப்பாளர் முனகிக் கொடுத்த மெட்டைக் கணினியில் விரித்தல், மாற்றப்பட்ட எடிட்டுக்கு ஏற்ப இசையை வெட்டிப் பொருத்துதல், பாடகர்களின் பதிவுகளைத் தொகுத்தல். விண்ணப்பிக்கும்போது மூன்று நிமிடத்துக்கு மிகாத காட்சித் தொகுப்பு ஒன்றை அனுப்புங்கள். தனி மெட்டுகளை அனுப்ப வேண்டாம். வசனம் உள்ள காட்சி ஒன்று அதில் கட்டாயம் இருக்க வேண்டும்.

ஜி.கே. வெங்கடேஷ் பெரிதும் கன்னடத் திரையுலகில் இயங்கியவர் என்பதை இங்கே நினைவுபடுத்துகிறேன், ஏனெனில் நம்மவர்கள் சென்னையை மட்டுமே பார்த்துக்கொண்டிருக்கிறார்கள். ஓசூரிலிருந்து பெங்களூர் ஏறத்தாழ 40 கிலோமீட்டர், கிருஷ்ணகிரியிலிருந்து ஏறத்தாழ 90 கிலோமீட்டர். காலையில் பஸ் ஏறி ஒரு பதிவை முடித்துவிட்டு இரவுக்குள் வீடு திரும்பலாம். தேன்கனிக்கோட்டை, ஓசூர்ப் பக்கத்துப் பிள்ளைகள் பலருக்குக் கன்னடமும் தெலுங்கும் வீட்டு மொழிகளாகவே இருக்கின்றன. அது எவ்வளவு பெரிய சொத்து என்பது, பாடகருக்கு ஒரு சொல்லின் அழுத்தத்தைச் சொல்லிக் கொடுக்க வேண்டிய நேரத்தில் தெரியும்.

ஆறாம் படி: தொலைக்காட்சித் தொடர்

தொடருக்கு இசையமைப்பது தனி ஒழுங்கு. நாள்தோறும் இருபது நிமிடத்துக்கு மேல் ஒளிபரப்பாகும் ஒன்றுக்கு ஒவ்வொரு காட்சியாகப் புதிதாக இசையமைக்க நேரம் இருக்காது. ஆகவே டைட்டில் பாடலோடு, முக்கியப் பாத்திரங்களுக்கான தீம்களையும், சோகம், பதற்றம், சூழ்ச்சி, குடும்ப மகிழ்ச்சி போன்ற உணர்வுகளுக்கான துண்டுகளையும் முன்கூட்டியே ஒரு தொகுப்பாகச் செய்து வைக்கிறார்கள். அவற்றை எடிட்டரோ பின்னணி இசைக்கென உள்ளவரோ எடுத்துப் பொருத்துகிறார். உங்கள் இசையை உங்கள் முன்னிலையில் இல்லாமல் வேறொருவர் வெட்டப் போகிறார் என்பதை மனதில் கொண்டு, ஒவ்வொரு துண்டையும் 15, 30, 60 வினாடி அளவுகளில், தெளிவான முடிவோடு, தாளம் உள்ளதாகவும் இல்லாததாகவும் தனித்தனியே கொடுங்கள். கோப்பின் பெயரிலேயே பாத்திரம், உணர்வு, நீளம் ஆகியவை இருக்கட்டும். நள்ளிரவில் வேலை செய்யும் எடிட்டருக்கு எளிதில் கிடைக்கும் இசைதான் ஒளிபரப்பில் ஒலிக்கிறது.

பாடலைப் பற்றிச் சுருக்கமாகச் சொல்கிறேன். மெட்டைச் சொற்களின்றித் தத்தகாரமாகப் பாடிப் பாடலாசிரியருக்குக் கொடுக்கும்போது, குறில் நெடில் இடங்கள் துலக்கமாகக் கேட்கும்படி பாடுங்கள். நெடில் நீள வேண்டிய இடத்தில் குறில் வந்தால் 'படம்' என்பது 'பாடம்' ஆகிவிடும். மாதிரிக்காக டிராக் பாடியவரின் குரலையே இறுதியில் வைத்துக்கொள்வதாக இருந்தால், அதற்குரிய ஊதியத்தையும் பெயரையும் அவருக்குக் கொடுத்துவிடுவது கடமை.

ஏழாம் படி: பணமும் உரிமையும்

தொடக்க காலத்தில் வரும் வேலைகள் பெரும்பாலும் பேக்கேஜ் முறையில் இருக்கும். பாடகர், வாத்தியக் கலைஞர்கள், ஸ்டூடியோ என எல்லாச் செலவும் இசையமைப்பாளருடைய பொறுப்பாகும். ரூ.60,000 பேக்கேஜ் ஒன்றைக் கற்பனை செய்துகொள்வோம். பாடகருக்கு 10,000, குழலுக்கும் தாளக்கருவிக்கும் 12,000, ஸ்டூடியோவுக்கும் மிக்ஸிங்குக்கும் 20,000, பயணத்துக்கு 4,000 என்று கொடுத்தால் ஆறு வார உழைப்புக்கு உங்கள் கையில் நிற்பது ரூ.14,000. இதைத் தாளில் எழுதிப் பார்க்காமல் தொகையைச் சொல்லாதீர்கள். சென்னையில் சினி மியூசிஷியன்ஸ் யூனியன் உறுப்பினர்களை அழைப்பதாயின் கால்ஷீட் நேரத்தையும் ஊதியத்தையும் முன்னரே கேட்டுக்கொள்ள வேண்டும். எத்தனை முறை திருத்தித் தருவீர்கள் என்பதையும் ஒப்பந்தத்தில் குறிப்பிடுங்கள்.

ஒரு தொடரின் டைட்டில் இசையைத் தொலைபேசிப் பேச்சை மட்டும் நம்பிச் செய்து கொடுத்தேன். பாதித் தொகைதான் வந்தது. பெயர் வரவே இல்லை. கேட்பதற்கு என்னிடம் ஒரு காகிதமும் இல்லாததால் யாரிடமும் கேட்க முடியவில்லை. அந்த ஆண்டுதான் சட்டத்தைப் படித்தேன். பணம் கொடுத்து அமைக்கச் சொன்ன இசைக்கு, வேறு ஒப்பந்தம் இல்லாதபோது, படத் தயாரிப்பாளரே முதல் உரிமையாளராக முடியும் என்று 1977-இல் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்திருந்தது. 1957-ஆம் ஆண்டுப் பதிப்புரிமைச் சட்டத்துக்கு 2012-இல் வந்த திருத்தம் நிலைமையை மாற்றியது. திரையரங்கில் படத்தோடு ஒலிப்பதைத் தவிர்த்த பிற பயன்பாடுகளில் கிடைக்கும் ராயல்டியில், உரிமையை எழுதி வாங்கியவரோடு இசையமைப்பாளருக்கும் பாடலாசிரியருக்கும் சமபங்கு உண்டு. இப்பங்கை வாரிசுகளுக்கோ பதிப்புரிமைச் சங்கத்துக்கோ தவிர வேறு எவருக்கும் விட்டுக்கொடுக்க முடியாது. விட்டுக்கொடுத்ததாக எழுதி வாங்கினாலும் அது செல்லாது. உரிமை மாற்றம் எழுத்தில் இருந்தாக வேண்டும். அதில் காலம் குறிப்பிடப்படாவிட்டால் ஐந்து ஆண்டு என்றும், எல்லை குறிப்பிடப்படாவிட்டால் இந்தியா மட்டும் என்றும் சட்டம் கொள்கிறது. இசையமைப்பாளரின் வாழ்நாளும் அதற்குப் பின் 60 ஆண்டுகளும் பதிப்புரிமை நீடிக்கும் என்பதால், இன்று எழுதும் ஒரு டைட்டில் இசை உங்கள் பேரப்பிள்ளைகள் காலத்திலும் வருவாய் தரக்கூடும்.

அந்த ராயல்டியை வசூலித்துப் பகிர்வது 1969-இல் தொடங்கப்பட்ட ஐ.பி.ஆர்.எஸ். எனப்படும் இந்தியன் பெர்ஃபார்மிங் ரைட் சொசைட்டி. முதல் படைப்பு வெளியானதும் உறுப்பினராகி, ஒவ்வொரு பாடலையும் இசைத்துண்டையும் தலைப்பு, நீளம், பங்குதாரர் பெயர்களோடு பதிவு செய்துவிடுங்கள். தயாரிப்பு நிறுவனங்கள் டி.டி.எஸ். எனும் வரியைப் பிடித்தே பணம் தருவதால், பிடித்த தொகை உங்கள் பான் எண்ணில் ஏறியிருக்கிறதா என்று வருமான வரிக் கணக்கில் ஆண்டுக்கொரு முறை சரிபார்ப்பதும் அவசியம்.

எட்டாம் படி: நம் ஊர்க் கலைஞர்களைப் பதிவு செய்தல்

பறை, பம்பை, முகவீணை, கொம்பு ஆகியவற்றின் மாதிரி ஒலிகளைக் கணினியில் வைத்துக்கொண்டு வேலை செய்பவர்கள் நடுவே, அவற்றை வாசிப்பவர்களை நேரில் அழைக்கக்கூடிய இடத்தில் நீங்கள் இருக்கிறீர்கள். இக்கருவிகள் வெளியில் ஒலிப்பதற்கென்றே பிறந்தவை. சிறு அறைக்குள் வாசித்தால் மைக் திணறும். மரத்தடியிலோ களத்துமேட்டிலோ, கருவியிலிருந்து ஆறேழு அடி தள்ளி மைக்கை வைத்து, அருகில் இன்னொன்றையும் வைத்துக்கொள்ளுங்கள். பறையைப் பொறுத்தவரை ஓர் ஒழுங்கு உண்டு. தீயில் காய்ச்சியதும் தோல் இறுகி ஓசை ஏறும், சிறிது நேரத்தில் மெல்ல இறங்கத் தொடங்கும். ஆகவே மைக், அளவு, வயர் எல்லாவற்றையும் காய்ச்சாத பறையில் வாசிக்கச் சொல்லிச் சரிசெய்துகொண்டு, கடைசியில்தான் காய்ச்சச் சொல்ல வேண்டும். காய்ச்சிய பின் அவரைக் காக்க வைத்துவிட்டு நீங்கள் கணினியோடு மல்லாடிக்கொண்டிருந்தால் அந்த நல்ல ஓசை போய்விடும்.

வாசிக்க வரும் பெரியவருக்குச் சென்னைக் கலைஞருக்குக் கொடுக்கும் முறையிலேயே பணம் கொடுங்கள். அன்றைக்கே, கையில் கொடுங்கள். பதிவு எந்தப் படத்துக்கு, எப்படிப் பயன்படும் என்பதைத் தமிழில் ஒரு பக்கத்தில் எழுதி, அவருக்குப் படித்துக் காட்டி, இருவரும் கையெழுத்திட்டு ஒரு பிரதியை அவரிடம் விட்டு வாருங்கள். அவர் சொல்லித்தந்த அடவோ மெட்டோ மாறாமல் அப்படியே படத்தில் வந்தால், அதை உங்கள் படைப்பாக மட்டும் பதிவு செய்யாமல் அவர் குழுவின் பெயரையும் ஊரின் பெயரையும் டைட்டிலில் போடச் சொல்லி இயக்குநரிடம் முன்பே பேசிவிடுங்கள். பெயரை அவர் எப்படி எழுதுவார் என்று கேட்டு அதே எழுத்தில் கொடுங்கள். படம் வெளிவந்ததும் அந்தக் காட்சியை அவருடைய வீட்டுப் பிள்ளைகளின் கைப்பேசிக்கு அனுப்பி வையுங்கள்.